ஏழாம் இலக்க வீரர் றொபேட் ஜவோர்ஸ்கி

ஒரு நாட்டின் வரலாறு அரசர்களின் போர்களிலும் மந்திரிசபைகளின் தீர்மானங்களிலும் மட்டும் அடங்கிவிடுவதன்று. அந்நாட்டு மக்கள் மாலை வேளையில் எதனைக் காணக் கூடினார்கள், எவருடைய வெற்றிக்காக ஆரவாரித்தார்கள், எவருடைய தோல்விக்காக மனம் நொந்தார்கள் என்பனவும் வரலாறேயாகும். பசிபிக் சமுத்திரத்தின் மேற்கு ஓரத்தில் 7,000க்கும் மேற்பட்ட தீவுகளாகப் பரந்து கிடக்கும் பிலிப்பைன்ஸ் நாட்டின் இருபதாம் நூற்றாண்டு வரலாற்றை எழுதப் புகும் ஒருவர், கூடைப்பந்தாட்ட வீரர் ஒருவருடைய பெயரை விலக்கிவிட்டு அவ்வேலையை முடித்தல் அரிது. றொபேட் ஜவோர்ஸ்கி என்பது அவ்வீரரின் பெயர். அவர் அணிந்த சட்டையின் இலக்கம் 7.

இப்பெயர் பிலிப்பைன்ஸ் நாட்டுப் பெயர் அன்று. போலந்து நாட்டுப் பெயர். இவ்விளையாட்டும் அந்நாட்டில் தோன்றியதன்று, அமெரிக்காவிலிருந்து வந்தது. அந்நிய நாட்டு விளையாட்டொன்று தேசத்தின் உயிர்மூச்சாக மாறியதும், அந்நியப் பெயர் தாங்கிய ஒருவர் அத்தேசத்து ஏழை மக்களின் தோழராக உயர்ந்ததும் எவ்வாறு? அதனினும் முக்கியமானதொரு வினாவும் உண்டு. மத்தியஸ்தர்களைத் தாக்கிய குற்றத்திற்காக ஆயுட்காலத் தடை விதிக்கப்பட்ட ஒருவரை, அதே மக்கள் கால் நூற்றாண்டுக்குப் பின்னர் நாட்டின் செனற் சபைக்கு அனுப்பியது ஏன்? இவ்வினாக்களுக்கு விடை காண வேண்டுமாயின் சற்றுப் பின்னோக்கிச் செல்லுதல் அவசியம்.

கூடைப்பந்தாட்டம் 1891ஆம் ஆண்டு அமெரிக்காவின் மசச்சூசெற்ஸ் மாநிலத்தில் ஸ்பிறிங்பீல்ட் என்னும் நகரிலே பிறந்தது. அங்கு கிறிஸ்தவ வாலிபர் சங்கத்தின் பயிற்சிக் கலாசாலை ஒன்றில் ஆசிரியராயிருந்த ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்பவர், பனிக்காலத்தில் மாணவர்கள் கூரையின் கீழ் ஆடுவதற்கென இதனை வகுத்தார். பீச்சுப் பழம் நிரப்பும் இரு கூடைகளை மண்டபத்தின் இரு புறமும் 10 அடி உயரத்தில் அறைந்து, அவற்றினுள் பந்தை எறியுமாறு செய்தமையால் கூடைப்பந்து என்னும் பெயர் உண்டாயிற்று.

ஏழு ஆண்டுகள் கழிந்தபின், 1898இல், மூன்று நூற்றாண்டுகளுக்கு மேலாக ஸ்பானியரின் ஆட்சியில் இருந்த பிலிப்பைன்ஸ் தீவுகள் அமெரிக்கரின் கைக்கு மாறின. புதிய ஆட்சியாளர் படையோடு பள்ளிக்கூடத்தையும் கொண்டு வந்தனர். 1901இல் தோமஸ் என்னும் கப்பலில் நூற்றுக்கணக்கான அமெரிக்க ஆசிரியர்கள் மணிலாத் துறைமுகத்தில் வந்திறங்கினர். அவ்வாசிரியர்களும் வாலிபர் சங்கத்தாரும் பாடப் புத்தகங்களோடு விளையாட்டுகளையும் நாடெங்கும் பரப்பினர். கூடைப்பந்தாட்டம் முதலிலே பெண்பிள்ளைகளுக்குரிய விளையாட்டாகவே பள்ளிகளில் புகுந்தது. ஆயின் சில ஆண்டுகளில் ஆண்பிள்ளைகளும் அதனைக் கைப்பற்றிக்கொண்டனர். 1913இல் மணிலாவில் தூர கிழக்கு நாடுகளின் விளையாட்டு விழா ஆரம்பமாகியபோது கூடைப்பந்தாட்டத்தில் வாகை சூடியவர் பிலிப்பைன்ஸ் வீரரே. 1936ஆம் ஆண்டு பேர்லின் ஒலிம்பிக் விழாவில் ஐந்தாம் இடத்தையும், 1954இல் பிறேசிலின் றியோ டி ஜனேய்றோ நகரில் நடந்த உலகச் சுற்றுப்போட்டியில் மூன்றாம் இடத்தையும் அந்நாட்டார் பெற்றனர். அந்த மூன்றாம் இடத்தைப் பெற்றுத் தந்தவர்களுள் முதன்மையானவர் கார்லோஸ் லொயேசாகா என்னும் வீரர். ஆசியாவைச் சேர்ந்த வேறெந்த நாடும் அதற்கு முன்னரோ பின்னரோ உலகச் சுற்றுப்போட்டியில் அத்துணை உயர்ந்த இடத்தை எய்தவில்லை.

உயரமானவர்களுக்கே உகந்தது எனக் கருதப்படும் இவ்விளையாட்டினை, உயரத்தில் குறைந்த ஒரு மக்கட் கூட்டத்தார் தம் உடைமையாக்கிக் கொண்டமை வியப்பே. ஆனால் காரணம் இல்லாமல் இல்லை. உதைபந்தாட்டத்திற்குப் பரந்த புல்வெளி வேண்டும். கிரிக்கெற்றிற்கு மட்டையும் காப்பும் வேண்டும். கூடைப்பந்தாட்டத்திற்கோ ஒரு மரக்கம்பமும் ஓர் இரும்பு வளையமும் ஒரு பந்தும் இருந்தாற் போதும். தேவாலய முற்றத்திலும், தென்னந்தோப்பின் நடுவிலும், நகரத்து ஒழுங்கைகளிலும் வளையங்கள் எழுந்தன. காலணி இல்லாதவர் செருப்போடும், செருப்பும் இல்லாதவர் வெறுங்காலோடும் ஆடினர். ஏழை வீட்டுப் பிள்ளையும் கனவு காணக்கூடிய விளையாட்டாக அது நிலைபெற்றது.

இத்தகைய நாட்டில், வட பகுதி மலைநகரமான பாகியோவில், 1946ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 8ஆந் திகதி றொபேட் ஜவோர்ஸ்கி பிறந்தார். தந்தையார் போலந்து வழிவந்த அமெரிக்கர். தாயார் இலோக்கானோ இனத்துப் பெண்மணி. மகன் பிறந்து நான்கு மாதங்களில், அதே ஆண்டு யூலை மாதம் 4ஆந் திகதி, பிலிப்பைன்ஸ் சுதந்திர நாடாயிற்று. ஆகவே தேசமும் வீரரும் ஏறத்தாழ ஒரே வயதினர் எனலாம்.

வாலிபரான ஜவோர்ஸ்கி மணிலாவிலுள்ள கிழக்குப் பல்கலைக்கழகத்தின் அணியிற் சேர்ந்தார். அவ்வணியைப் பயிற்றியவர் விர்ஜிலியோ டலுப்பான். மக்கள் அவரைச் செல்லமாக ‘பேபி’ டலுப்பான் என்று அழைத்தனர். பிலிப்பைன்ஸ் கண்ட பயிற்சியாளர்களுள் தலைசிறந்தவர் அவரே என்பது பலரின் துணிபு. அவரிடம் கற்ற மாணவன் விரைவிலேயே நாட்டின் அணிக்குத் தெரிவானார். 1967இல் தென் கொரியாவின் சியோல் நகரில் நடந்த ஆசியச் சுற்றுப்போட்டியில் பிலிப்பைன்ஸ் முதலிடம் பெற்றது. முன்னர் குறிப்பிட்ட லொயேசாகாவே அப்போது பயிற்சியாளர். அவ்வணியில் இளைஞரான ஜவோர்ஸ்கியும் ஒருவர். மறு ஆண்டு மெக்சிக்கோ ஒலிம்பிக் விழாவிலும் அவர் தம் நாட்டுக்காக ஆடினார்.

அவருடைய ஆட்டத்தின் இயல்பைச் சிறிது விளக்குதல் தகும். கூடைப்பந்தாட்டத்தில் ஓர் அணிக்கு ஐவர். அவ்வைவருள் பந்தை முன்னெடுத்துச் சென்று, யார் எங்கே நிற்கின்றார் எனக் கண்டு, உரியவர்க்கு உரிய கணத்தில் வழங்கும் பொறுப்பு ஒருவரைச் சாரும். ஜவோர்ஸ்கி அப்பொறுப்பை ஏற்றவர். அவ்விடத்தில் ஆடுவோர் பொதுவாகச் சிறிய உடலும் விரைந்த காலும் உடையவர். இவரோ ஆறடிக்கு மேல் உயரமும் அகன்ற தோளும் உள்ளவர். பந்து வளையத்தில் மோதித் திரும்பும்போது நெடியவர்களின் நடுவே புகுந்து அதனைப் பறித்துக்கொள்வார். பறித்த கையோடு ஆடுகளத்தின் மறுகோடியில் ஓடும் தோழனுக்கு எறிந்துவிடுவார். தாம் கூடையிற் போடுவதினும் பிறரைப் போடச் செய்வதிலேயே அவருக்கு நாட்டம் மிகுதி. தொழில்முறைக் கழகத்தில் அவர் ஆடிய ஆண்டுகளில், தோழர்களின் கூடைக்கு வழிசெய்த பந்துகள் 5,800க்கு மேற்பட்டன. அக்கழகத்தின் வரலாற்றில் அதனை விஞ்சியவர் எவருமில்லர்.

ஆனால் அந்த வலிய தோளுக்கு மற்றொரு பக்கமும் இருந்தது. அவர் ஆட்டம் முரட்டு ஆட்டம். இடிப்பதற்கும் இடிபடுவதற்கும் அவர் அஞ்சியவரல்லர். கோபமோ அவர் மூக்கின் நுனியில் இருந்தது.

அக்காலத்தில் பிலிப்பைன்ஸ் நாட்டில் பெரிய போட்டிகளை நடத்தியவை வர்த்தகக் கம்பனிகளின் அணிகளே. வீரர்கள் பெயரளவில் ஊதியம் பெறாத ஆட்டக்காரர். உண்மையில் கம்பனியின் சம்பளப் பட்டியலில் இருந்தவர்கள். ஜவோர்ஸ்கி மணிலா நகருக்கு மின்சாரம் வழங்கிய மெறால்கோ கம்பனியின் அணிக்கு ஆடினார். 1971ஆம் ஆண்டின் இறுதியில் மெறால்கோவும், ஆடை உற்பத்தி செய்யும் கிறிஸ்பா கம்பனியின் அணியும் மோதின. மத்தியஸ்தரின் தீர்ப்புகள் தமக்கு மாறாக அமைகின்றன எனச் சினங்கொண்ட ஜவோர்ஸ்கியும் அவர் தோழர் அல்பேட்டோ றெய்னோசோவும், ஆயிரக்கணக்கானோர் பார்த்திருக்க, இரு மத்தியஸ்தர்களைக் கைந்நீட்டி அடித்துவிட்டனர். நாட்டின் கூடைப்பந்தாட்டச் சங்கம் இருவருக்கும் ஆயுட்காலத் தடை விதித்தது. அப்போது ஜவோர்ஸ்கிக்கு வயது 25.

தவறு செய்தவன் தண்டிக்கப்பட்டான் என்று கதை அத்தோடு முடிந்திருக்கலாம். முடியவில்லை. 1972 செப்ரெம்பர் மாதத்தில் ஜனாதிபதி பேர்டினண்ட் மார்க்கோஸ் நாட்டில் இராணுவச் சட்டத்தைப் பிரகடனம் செய்தார். மெறால்கோ கம்பனி அதன் உரிமையாளரான லோப்பஸ் குடும்பத்தாரின் கையை விட்டு நீங்கியது. அதன் அணியும் கலைந்தது. மறு ஆண்டு ஆசியச் சுற்றுப்போட்டி மணிலாவில் நடைபெறுவதாயிற்று. சொந்த மண்ணில் தோற்பதைத் தேசம் பொறுக்குமா? ஆயுட்காலத் தடை இரண்டு ஆண்டுகளுக்குள் நீக்கப்பட்டது. ஜவோர்ஸ்கியும் றெய்னோசோவும் மீண்டும் நாட்டின் சட்டையை அணிந்தனர். 1973இல் பிலிப்பைன்ஸ் ஓர் ஆட்டத்திலேனும் தோலாது ஆசியக் கிண்ணத்தை வென்றது.

இங்கு நின்று சிந்தித்தல் வேண்டும். விதித்த தண்டனையைத் தேவை வந்தபோது விலக்கிக்கொண்டமை நீதியா? அடிபட்ட மத்தியஸ்தர்களின் பக்கம் நின்று பார்ப்போர்க்கு அது நீதியாகத் தோன்றாது. வெற்றிக்காகச் சட்டம் வளைந்தது என்பதே உண்மை. எனினும், இளமையின் ஒரு மாலைப்பொழுதிற் செய்த குற்றத்திற்காக ஒருவரின் வாழ்வு முழுவதையும் பறித்தலும் அளவிறந்த தண்டனையே. இவ்விரண்டுக்கும் இடையிலே தான் ஜவோர்ஸ்கியின் பின்னைய வாழ்க்கை முழுதும் நிகழ்ந்தது. கிடைத்த இரண்டாந் தவணையை அவர் எவ்வாறு பயன்படுத்தினார் என்பதே இனிக் காணவேண்டியது.

1975ஆம் ஆண்டு பிலிப்பைன்ஸ் விளையாட்டு வரலாற்றில் ஒரு திருப்பம். வீரர்களுக்கு வெளிப்படையாகவே ஊதியம் வழங்கும் தொழில்முறைக் கூடைப்பந்தாட்டக் கழகம் அவ்வாண்டு தோன்றியது. ஆசியாவிலேயே இத்தகைய கழகம் இதுவே முதலாவது. ஒன்பது கம்பனிகள் கூடி அதனை அமைத்தன. 1975 ஏப்பிரில் 9ஆந் திகதி, கெஸோன் நகரிலுள்ள அரனேற்றா மாமண்டபத்தில் முதல் ஆட்டங்கள் நடந்தேறின. பிற நாடுகளில் அணிகள் ஊர்ப் பெயர் தாங்குவது வழக்கம். பிலிப்பைன்ஸ் கழகத்தின் அணிகளுக்கோ கம்பனிகளின் பெயரே பெயர்; ஊர் இல்லை. எனவே ஓர் அணியின் மீது ஒருவர் கொள்ளும் பற்று பிறந்த இடத்தால் வருவதன்று, மனத்தால் தெரிந்துகொள்வது.

நாடு இரண்டாகப் பிரிந்தது. ஒரு பாதி கிறிஸ்பாவின் பக்கம். மறு பாதி டொயோட்டாவின் பக்கம். கிறிஸ்பாவின் பயிற்சியாளர் ஜவோர்ஸ்கியின் பழைய குருவான டலுப்பான். மாணவரோ எதிர்ப்பக்கத்தில், டொயோட்டாவின் தலைவராய் நின்றார். அவருக்குத் துணையாக, வளைவின்றி எறியும் பிரான்சிஸ் ஆர்னாய்ஸும், லெய்ற்றே தீவிலிருந்து வந்த நெடியவரான றாமோன் பெர்னாண்டஸும் விளங்கினர். முதலாண்டின் மூன்று சுற்றுப்போட்டிகளில் இரண்டை டொயோட்டா வென்றது. மூன்றாவதைக் கிறிஸ்பா வென்றது. மறு ஆண்டின் மூன்று கிண்ணங்களையும் கிறிஸ்பாவே எடுத்துக்கொண்டது. இரு அணிகளும் ஆடும் நாளில் மணிலாவின் தெருக்கள் வெறிச்சோடும். மண்டபத்தில் இடம் கிடையாதோர் வானொலிப் பெட்டியைச் சூழ்ந்து அமர்வர். கிராமத்துக் கடைகளில் வானொலி முழங்க, பந்து எவர் கையில் இருக்கின்றது என்பதைக் காதாற் கண்டு மகிழ்ந்தவர் பல்லாயிரவர்.

பகைமை சில வேளைகளில் எல்லை கடந்தது. 1977 ஏப்பிரிலில் இரு அணியினரும் ஆட்டம் முடிந்தபின் கைகலந்தனர். அது இராணுவச் சட்டம் நிலவிய காலம். அதிகாரிகள் இரு அணி வீரர்களையும் அழைத்து விசாரித்து, போனிபாசியோக் கோட்டையில் ஓர் இரவு அடைத்து வைத்தனர். நாட்டின் புகழ்மிக்க வீரர்கள் சிறைக் கம்பிகளுக்குப் பின்னாற் பொழுது விடியக் காத்திருந்தனர். ஆடுகளத்தில் பகைவராயிருந்தோர் அன்றிரவு ஒரே கூரையின் கீழ் இருந்தமை அக்காலத்தார் மறவாத நிகழ்ச்சி.

அடுத்த ஆண்டு, 1978இல், கழகத்தின் அதிசிறந்த வீரர் என்னும் விருது ஜவோர்ஸ்கிக்குக் கிடைத்தது. ஏழு ஆண்டுகளுக்கு முன் இனி ஒருநாளும் ஆடலாகாது எனத் தள்ளப்பட்டவர், நாட்டின் முதல்வராக மதிக்கப்பட்டார்.

தொழில்முறை விளையாட்டில் வீரர் ஒரு விதத்தில் தொழிலாளியே. 1984இன் தொடக்கத்தில் இவ்வுண்மை கசப்பாக வெளிப்பட்டது. பிலிப்பைன்ஸில் டொயோட்டா வாகனங்களைப் பொருத்தி விற்ற கம்பனி கடனில் மூழ்கியது. ஒன்பது கிண்ணங்களை வென்ற அணி கலைக்கப்பட்டு, வீரர்கள் ஒட்டுமொத்தமாக வேறொரு நிறுவனத்திற்குக் கைமாற்றப்பட்டனர். தம்மைக் கேளாது தம்மை விற்ற இச்செயலை ஜவோர்ஸ்கி ஏற்க மறுத்தார். ஆர்னாய்ஸும் அவரோடு நின்றார். இருவரும் லா தொந்தேன்யா என்னும் மதுபானக் கம்பனியின் அணியிற் சேர்ந்தனர். பெர்னாண்டஸோ புதிய நிறுவனத்தின் பக்கம் சென்றார். பத்தாண்டு தோழமை உடைந்தது. ஒருவரோடொருவர் பேசாத நிலையும் உண்டாயிற்று.

ஜவோர்ஸ்கி சேர்ந்த அணி காலத்துக்குக் காலம் அக்கம்பனியின் வெவ்வேறு மதுவகைகளின் பெயரைப் பூண்டது. எனினும் ‘ஹினெப்ரா’ என்பதே மக்கள் நாவில் நிலைத்த பெயர். ஹினெப்ரா ஏழைகள் அருந்தும் மலிவான மது. மதுவின் பெயரால் ஓர் அணி புகழ் பெறுவது போற்றத்தக்க செய்தியன்று. ஆயினும் அப்பெயரே அவ்வணி யாருடையது என்பதையும் உணர்த்தியது. ஜீப்னி வண்டி ஓட்டுவோர், சந்தையில் மீன் விற்போர், துறைமுகத்தில் மூட்டை சுமப்போர், வீட்டு வேலை செய்யும் பெண்கள் ஆகியோர் அதனைத் தம் அணி என்றனர். 1985 முதல் ஜவோர்ஸ்கி அதன் பயிற்சியாளராகவும் வீரராகவும் ஒருங்கே பணியாற்றினார்.

அவ்வாண்டில் நிகழ்ந்த ஓர் ஆட்டம் அவர் வாழ்வின் சின்னமாகிவிட்டது. அமெரிக்கப் பயிற்சியாளர் றொன் ஜேக்கப்ஸின் கீழ்ப் பயின்ற வலிய அணி ஒன்று ஹினெப்ராவை எதிர்த்தது. ஆட்டத்தின் நடுவே எதிரணி வீரர் ஒருவரின் முழங்கை பட்டு ஜவோர்ஸ்கியின் உதடு பிளந்தது. குருதி வழிய அவரை வைத்தியசாலைக்குக் கொண்டு சென்றனர். தலைவரை இழந்த அணி பின்தங்கியது. வைத்தியர் ஒன்பது தையல்கள் இட்டனர். அப்போது அவருக்கு வயது 39. அந்த வயதில் வேறொருவராயின் வீட்டுக்குச் சென்றிருப்பார். ஜவோர்ஸ்கி மண்டபத்துக்கே திரும்பினார். இறுதிப் பகுதி ஆட்டம் நடந்துகொண்டிருக்கையில், வீங்கிய உதட்டோடு அவர் வாயிலில் தோன்றியதும் மண்டபம் அதிர்ந்தது. அவர் களத்துள் இறங்கினார். அவர் போட்ட கூடைகளைக் காட்டிலும் அவர் வந்து நின்றதே பெரிதாயிற்று. தோழர்கள் புத்துயிர் பெற்றனர், எதிரணியார் தடுமாறினர். பின்தங்கிய ஹினெப்ரா வென்றது.

அன்று முதல் ‘நெவர் சே டை’ என்னும் ஆங்கிலத் தொடர் அவ்வணியின் மந்திரமாயிற்று. ‘மாண்டோம் என்று ஒருபோதும் சொல்லாதே’ என்பது அதன் பொருள். அந்நாளில் அந்நாட்டின் நிலையையும் எண்ணிப் பார்த்தல் வேண்டும். அது மார்க்கோஸ் ஆட்சியின் கடைசிக் காலம். விலைவாசி ஏறி, வேலை அருகி, மக்கள் மனம் சோர்ந்திருந்த வேளை. வீழ்ந்தவன் எழுந்து வந்து வெல்லக்கூடும் என்பதற்கு ஏழை மக்கள் கண்ணாற் கண்ட சான்று அவ்வாட்டமே. 1986 பெப்ரவரியில் மணிலா மக்கள் தெருவில் திரண்டு மார்க்கோஸை நாட்டை விட்டகலச் செய்தனர். அதே ஆண்டில் ஹினெப்ரா தன் முதற் கிண்ணத்தை வென்றது. இரண்டுக்கும் தொடர்பு கற்பித்தல் வரலாற்றுக்குப் பொருந்தாது. ஆயினும் இரண்டையும் கண்டு மகிழ்ந்த கூட்டத்தில் ஒரே முகங்கள் பல இருந்திருக்கும் என்பதில் ஐயமில்லை.

1988இல் இரண்டாவது கிண்ணம் கிடைத்தது. 1991இல் கிடைத்த மூன்றாவது கிண்ணம் மந்திரத்தை மெய்ப்பித்தது. ஏழு ஆட்டங்கள் கொண்ட இறுதிச் சுற்றில் ஷெல் அணியிடம் மூன்று ஆட்டங்களைத் தோற்று ஒன்றை மட்டும் வென்றிருந்த நிலையிலிருந்து, அடுத்த மூன்றையும் வென்று அவ்வணி கிண்ணத்தைக் கைப்பற்றியது. ஏழாவது ஆட்டத்தின் கடைசிக் கணத்தில் றூடி டிஸ்றிற்றோ என்னும் வீரர் போட்ட கூடை ஒரு புள்ளியால் வெற்றி தந்தது.

ஆனால் பழைய குணம் முற்றும் மாறிவிடவில்லை. 1990இல் அதே ஷெல் அணியோடு நடந்த இறுதிச் சுற்றின் ஆறாவது ஆட்டத்தில், மத்தியஸ்தரின் தீர்ப்புகளை ஆட்சேபித்து ஜவோர்ஸ்கி தம் அணியைக் களத்திலிருந்து அழைத்துச் சென்றுவிட்டார். ஆட்டம் நின்றது, கிண்ணம் ஷெல்லுக்குப் போயிற்று. இம்முறை கை நீளவில்லை, கால்கள் வெளியேறின. பத்தொன்பது ஆண்டுகளில் நிகழ்ந்த மாற்றம் அவ்வளவே என்று குறை கூறுவோர் கூறலாம். அம்மாற்றமும் சிறிதன்று என்று பரிவோர் கூறலாம்.

பகையை விடுதலும் வீரமே என்பதற்கு அவ்வாழ்வில் ஒரு சான்று உண்டு. 1989 யூன் மாதத்தில் கழகத்தின் சிறந்த வீரர்கள் கலந்துகொண்ட கண்காட்சி ஆட்டம் ஒன்று நடைபெற்றது. மூத்த வீரர் ஒரு பக்கம். இளைய வீரர் மறுபக்கம். மூத்தோர் அணியில் ஜவோர்ஸ்கியும் பெர்னாண்டஸும் ஐந்து ஆண்டுகளுக்குப் பின் ஒரே நிறச் சட்டை அணிந்து நின்றனர். அணியை வழிநடத்தியவர் முதிய டலுப்பான். ஆட்டத்தின் இறுதிக் கணங்களில் புள்ளிகள் சமமாயிருந்தன. எல்லைக் கோட்டுக்கு வெளியே பந்தோடு நின்றவர் ஜவோர்ஸ்கி. அவர் பந்தை வழங்கியது பெர்னாண்டஸுக்கே. பெர்னாண்டஸ் அதனைக் கூடையில் இட்டார், மூத்தோர் வென்றனர். டலுப்பான் இருவரையும் களத்தின் மத்திக்கு அழைத்து வந்து கைகொடுக்கச் செய்தார். கூடியிருந்தோர் எழுந்து நின்று ஆர்ப்பரித்தனர். ஆசிரியர் என்பவர் பாடத்தை மட்டும் கற்பிப்பவரல்லர் என்பதற்கு டலுப்பானின் அச்செயலே போதிய எடுத்துக்காட்டு. மறு ஆண்டு பீஜிங் ஆசிய விளையாட்டு விழாவுக்குப் பிலிப்பைன்ஸ் முதன்முறையாகத் தொழில்முறை வீரர்களின் அணியை அனுப்பியது. பயிற்சியாளர் ஜவோர்ஸ்கி, வீரர்களுள் ஒருவர் பெர்னாண்டஸ். சீனாவுக்கு அடுத்தபடியாக வெள்ளிப் பதக்கம் பெற்று அவர்கள் திரும்பினர்.

ஆண்டுகள் உருண்டன. அவரோடு ஆடியவர்கள் அனைவரும் ஓய்வு பெற்றனர். ஜவோர்ஸ்கியோ ஐம்பது வயது கடந்த பின்னரும், சில நிமிடங்களேனும், களத்தில் இறங்கினார். ‘ஜவோர்ஸ்கி! ஜவோர்ஸ்கி!’ என்று மண்டபம் முழுதும் கூவியழைக்க, அவர் பயிற்சியாளர் ஆசனத்திலிருந்து எழுந்து மேற்சட்டையைக் களைவார். அவர் மகன் வயதினர் எதிரில் நிற்பர். 1997இல் அவரது அணி அலாஸ்கா அணியை வென்று, அவர் பயிற்சியிற் பெற்ற நான்காவது கிண்ணத்தை அடைந்தது.

1998 மே மாதத் தேர்தலில் அவர் செனற் சபைக்குத் தெரிவு செய்யப்பட்டார். அவ்வாண்டிலேயே பயிற்சியாளர் பதவியினின்றும் நீங்கினார். அந்நாட்டுச் செனற்றர்கள் 24 பேரும் நாடு முழுவதும் ஒரே தொகுதியாகக் கொண்டு தெரியப்படுபவர்கள். ஆகவே தீவுதோறும் அறியப்பட்ட பெயர் உடையவர்க்கே அவ்வாசனம் எளிதாகும். வானொலியும் தொலைக்காட்சியும் இருபத்து மூன்று ஆண்டுகள் ஓதிய பெயர் அவருடையது.

ஆயின் சட்டசபை ஆடுகளமன்று. ஊழற் குற்றம் சாட்டப்பட்ட ஜனாதிபதி யோசப் எஸ்திராடாவை விசாரிக்கும் பொறுப்பு செனற் சபைக்கு வந்தது. செனற்றர் ஒவ்வொருவரும் நீதிபதியாயினர். 2001 ஜனவரி 16ஆந் திகதி, வங்கிக் கணக்குகள் பற்றிய சான்று அடங்கியதாகக் கூறப்பட்ட உறை ஒன்றைத் திறப்பதா, விடுவதா என்ற வினா எழுந்தது. திறக்க வேண்டாம் என 11 பேரும், திறக்க வேண்டும் என 10 பேரும் வாக்களித்தனர். ஜவோர்ஸ்கி அந்த 11 பேருள் ஒருவர். அன்றிரவே மக்கள் தெருவிலே திரண்டனர். நான்கு நாட்களில் ஜனாதிபதி மாளிகையை விட்டு வெளியேறினார். ஒரு காலத்தில் மத்தியஸ்தரின் தீர்ப்பைப் பொறாது கைந்நீட்டியவர், தாமே மத்தியஸ்தராய் அமர்ந்தபோது, அவர் தீர்ப்பைப் பொறாது வீதியில் இறங்கியோர் மக்கள். 2004 தேர்தலில் அவர் தோல்வியுற்றார்.

அரசியல் புகழ் அத்துடன் அடங்கிற்று. ஆட்டக்களப் புகழோ அடங்கவில்லை. 2005இல் தொழில்முறைக் கழகம் அவரைத் தன் புகழ்மண்டபத்திற் சேர்த்தது. 2012 யூலையில் ஹினெப்ரா அணி 7ஆம் இலக்கச் சட்டைக்கு ஓய்வளித்தது. அவ்வணியில் இனி எவரும் அவ்விலக்கத்தை அணியார் என்பது அதன் கருத்து.

றொபேட் ஜவோர்ஸ்கியை மாசற்ற வீரர் என்று கூறுதல் உண்மைக்கு மாறானது. அவர் அடித்த அடி அடித்ததே. அவர் அளித்த வாக்கு அளித்ததே. அவற்றை மறைத்து எழுதப்படும் வரலாறு புகழுரையாகுமேயன்றி வரலாறாகாது. அவரை நேசித்த மக்களும் அக்குறைகளை அறியாதவரல்லர், அறிந்தே நேசித்தனர். தம்மைப் போலச் சினந்து, தம்மைப் போலத் தவறி, தம்மைப் போலத் தண்டனை பெற்ற ஒருவர், தையலிட்ட உதட்டோடு திரும்பி வந்ததைக் கண்டதனாலேயே நேசித்தனர். தவறியவர்க்கு மீளவும் ஒரு தவணை கொடுத்தல் சமுதாயத்தின் கடமை. பெற்ற தவணைக்குத் தகுதியாதல் பெற்றவரின் கடமை. முன்னையதைப் பிலிப்பைன்ஸ் மக்கள் தாராளமாகச் செய்தனர். பின்னையதை ஜவோர்ஸ்கி ஆடுகளத்தில் பெரும்பாலும் செய்தார்.

மணிலாவின் ஒழுங்கைகளில் துருப்பிடித்த வளையத்தின் கீழ் சிறுவர்கள் ஆடுகிறார்கள். அவர்களுள் பலர் ஜவோர்ஸ்கியின் ஆட்டத்தைக் கண்டவரல்லர். எனினும் ஆட்டம் தோற்கும் நிலையிலிருக்கும்போது அவர்களுள் ஒருவன் அந்த மூன்று ஆங்கிலச் சொற்களை உரக்கச் சொல்கின்றான். மற்றவர்கள் மீண்டும் ஓடத் தொடங்குகின்றார்கள்.